லண்டன் நேர்ஸ்

அருள்மலரைத் திரையில் பார்த்தவர்கள் உலகம் முழுக்க இருக்கிறார்கள். ஆனால் அவளுடைய பெயரைக் கேட்டால் ஒருவருக்கும் சொல்ல வராது. ஐம்பது வருடமாகப் பிரித்தானியப் படங்களில் நடித்துவருகிறாள். கதாநாயகன் குண்டடி பட்டுக் கட்டிலில் கிடக்கும்போது ஊசி போட வருகிற நேர்ஸ் அவள்தான். கதாநாயகிக்குப் பிள்ளை பிறந்ததும் துணியில் சுற்றி நீட்டுகிற கைகள் அவளுடையவை. இடையிடையே கடைக்காரரின் மனைவியாகவும், விமான நிலையத்தில் பெட்டியைத் தொலைத்துவிட்டு அழுகிற பெண்ணாகவும் வந்துபோயிருக்கிறாள். எண்பதுகளில் ஒரு படத்தில் கதாநாயகியாகவே நடித்தாள். தையல் ஆலையில் வேலைநிறுத்தம் செய்த பெண்களைப் பற்றிய படம். அது ஒரு கிழமை ஓடி, ஒரு சின்ன விழாவில் பரிசும் வாங்கி, பிறகு போன இடம் தெரியாமல் போனது. பரிசு வாங்கிய கையோடு ஏஜென்ட் அவளைக் கூப்பிட்டு, நல்ல செய்தி, இன்னொரு நேர்ஸ் வேடம் வந்திருக்கிறது என்றார். அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். போய் நடித்தும் கொடுத்தாள்.

சிரித்தாளே தவிர, அந்த வேலையை ஒருநாளும் குறைவாக நினைத்ததில்லை. ஒரு படத்தில் பெயர்பெற்ற நடிகர் ஒருவர் மூன்று நிமிடம் வசனம் பேசிச் சாவார். அவளுக்கு வசனம் கிடையாது. கட்டில் காலடியில் நிற்க வேண்டும், அவ்வளவுதான். அவர் உயிர் போனதும் போர்வையின் நுனி விலகி ஒரு பாதம் வெளியே தெரிந்தது. யாரும் சொல்லாமலே அவள் குனிந்து, குளிரும் என்பதுபோல அந்தப் பாதத்தை மூடிவிட்டாள். இயக்குநர் கமெராவை நிறுத்தவேயில்லை. படம் வந்தபோது ஒரு பத்திரிகைக்காரர், நம்மை அழவைத்தது சாகிறவரின் பேச்சல்ல, அந்த நேர்ஸின் கை என்று எழுதினார். பெயர் போடவில்லை. அதனால் என்ன? தன் கை யாருடையது என்று அவளுக்குத் தெரியும்.

உண்மையில் நேர்ஸ் படிப்புக்காகத்தான் அவள் லண்டனுக்குப் போனாள். எழுபத்தொன்றாம் ஆண்டு, இருபது வயதில், யாழ்ப்பாணத்துச் சுழிபுரத்திலிருந்து. அப்பா சிற்றம்பலம் புகையிரத நிலைய அதிபர். ரயில் பிந்தினாலும் தான் பிந்தாத மனிதர். இரண்டாம் வருடம் ஆஸ்பத்திரி ஊழியர்கள் நத்தார்ப் பண்டிகைக்குப் போட்ட நாடகத்தில் ஆள் குறைய, அவளைப் பிடித்து மேடையில் ஏற்றினார்கள். கிழவி வேடம். எந்நேரமும் சிடுசிடுக்கிற தலைமைத் தாதி மேற்றன் முன்வரிசையில் இருந்து கண்ணீர் வரச் சிரிப்பதை மேடையிலிருந்து கண்ட அந்தக் கணத்தில், தான் இனி எந்த நோயாளிக்கும் காய்ச்சல் பார்க்கப் போவதில்லை என்று அருள்மலருக்குத் தெரிந்துவிட்டது. படிப்பை விட்டாள். பகலில் தேநீர்க்கடையில் கோப்பை கழுவினாள், மாலையில் நடிப்புப் பள்ளிக்குப் போனாள். முதல்முதலாக ஒரு படத்துக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று போனபோது அவர்களுக்கு வேண்டியிருந்தது ஒரு நேர்ஸ். அவளுடைய பெட்டிக்குள் பழைய சீருடை கிடந்தது. மறுநாள் அதைப் போட்டுக்கொண்டு போய் நின்றாள். உடுப்புச் செலவு மிச்சம் என்று உடனே எடுத்துக்கொண்டார்கள்.

அது இரத்தக் காட்டேரிப் படம். நேர்ஸ் ஜன்னலைச் சாத்தப் போவாள், காட்டேரி வந்து கழுத்தில் கடிக்கும், அவள் அலறிச் சாவாள். அந்த அலறலில் ஒலிப்பதிவுக்காரர் காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி எறிந்துவிட்டார்.

அப்பாவுக்கு உள்ளதை உள்ளபடி எழுதினாள். பதில் வரவில்லை. அவர் இருந்த காலம் முழுவதும் அவளோடு பேசவும் இல்லை. அம்மா மாத்திரம் ஊருக்குள் ஒரே பேச்சைச் சொல்லிக்கொண்டு திரிந்தாள்: "மூத்தவள் லண்டனிலை நேர்ஸ்." அந்தக் காட்டேரிப் படம் யாழ்ப்பாணத்துக்கும் வந்து ஓடியபோது, பார்த்துவிட்டு வந்த பக்கத்து வீட்டுக்காரி வேலிக்கு மேலால் எட்டி, "உங்கடை அருள்மலரைப் படத்திலை கண்டனாங்களெல்லே!" என்றாளாம்.

அம்மா அசையவில்லை. "பின்னை? அவள் நேர்ஸ்தானே. படம் பிடிக்கிறவங்கள் உண்மையான நேர்ஸைக் கூப்பிட்டு நிப்பாட்டியிருக்கிறாங்கள்."

"அப்ப காட்டேரி கடிச்சது?"

"அது பொய்க்கடி."

இந்தக் கதையைத் தங்கை பாலேஸ்வரி எழுதி அறிந்தபோது அருள்மலர் லண்டனில் தன் அறைக்குள் இருந்து வயிறு நோகச் சிரித்தாள். பிறகு கொஞ்சம் அழுதாள்.

இப்போது அவளுக்கு எழுபத்துமூன்று வயது. ஒரு படத்துக்காக ரொறன்ரோவுக்கு வந்திருந்தாள். கதை நடப்பது லண்டனில். செலவு குறையும் என்று லண்டன் நீதிமன்றத்தை ரொறன்ரோ நகரத்துக்குள் ஒரு பழைய கட்டடத்தில் உருவாக்கி, நடிகையை மாத்திரம் லண்டனிலிருந்து கூட்டிவந்தார்கள். இந்தத் தடவை அவள் நேர்ஸ் இல்லை. நீதிபதி. படத்தின் கடைசியில் தீர்ப்புச் சொல்கிறவளே அவள்தான். கம்பனிக்காரர் ஹொட்டேலில் அறை போட்டிருந்தார்கள். ஆனால் பாலேஸ்வரி, "சொந்தத் தங்கச்சி இஞ்சை பக்கத்திலை விட்பியிலை இருக்க, நீ ஹொட்டேலிலை கிடப்பியோ?" என்று சண்டை பிடித்து, விமான நிலையத்திலிருந்தே நேரே வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டாள்.

வந்த கிழமையே பாலேஸ்வரியின் கணவர் சிவபாதத்துக்கு எழுபதாவது பிறந்தநாள். மகள் அட்சயா ஸ்காபரோவில் பெரிய மண்டபம் எடுத்திருந்தாள். சனிக்கிழமை பின்னேரம் தகப்பனும் மகளும் முன்னுக்குப் போய்விட, பாலேஸ்வரி அக்காவை ஏற்றிக்கொண்டு பின்னால் புறப்பட்டாள். நெடுஞ்சாலையில் ஏறி வாகனங்களோடு வாகனமாகக் கலந்த பிறகுதான் வாயைத் திறந்தாள்.

"அக்கா, ஒண்டு சொல்லுவன், கோவிக்கக் கூடாது."

"சொல்லு."

"ஹோலிலை ஆரும் கேட்டால், நேர்ஸ் எண்டே இருக்கட்டும். இப்ப றிட்டயர்ட் எண்டு சொல்லுவம்."

அருள்மலர் தங்கையைத் திரும்பிப் பார்த்தாள். பாலேஸ்வரி ரோட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இவரின்ரை ஆக்கள் எல்லாரும் வருவினம். கலியாணம் பேசேக்கை அம்மா சொன்னது, அக்கா லண்டனிலை நேர்ஸ் எண்டு. நாப்பது வருஷமா நானும் அதையே சொல்லிக்கொண்டு வந்திட்டன். இப்ப போய்..."

"உன்ரை மனுசனுக்குமோ?"

"அவருக்கும்தான்."

குடிவரவு அதிகாரிகளிடமும், கறுத்த தோலைக் கண்டதும் அறை இல்லையென்று கதவைச் சாத்திய வீட்டுக்காரிகளிடமும்கூட 'நடிகை' என்று நிமிர்ந்து நின்று சொன்னவள் அவள். ஐம்பது வருடத்தில் அந்தச் சொல்லை ஒருதரம்கூட விழுங்கியதில்லை. இப்போது கூடப்பிறந்தவள் விழுங்கச் சொல்கிறாள். ஆனாலும் பாலேஸ்வரியின் முகம் பள்ளிக்கூடத்தில் பிழைவிட்டுவிட்டு வந்து நிற்கிற முகம்போல இருந்தது.

"சரி. உன்ரை மனுசன்ரை பிறந்தநாள். நானாச் சொல்லமாட்டன். நீ என்னவெண்டாலும் சொல்லு."

மண்டபத்தில் முந்நூறு பேராவது இருந்திருப்பார்கள். பாலேஸ்வரி மேசை மேசையாகக் கூட்டிக்கொண்டு போனாள். "இது என்ரை அக்கா. லண்டனிலை நேர்ஸா இருந்தவ." அதன்பிறகு அருள்மலருக்கு ஓய்வில்லை. ஒருவர் கால்சட்டையை உருட்டி முழங்கால் வீக்கத்தைக் காட்டினார். ஒரு அம்மா, சீனி வருத்தத்துக்குப் பாவற்காய்ச் சாறு குடிக்கலாமோ என்று கேட்டாள். "உங்கடை டொக்டரைக் கேளுங்கோ," "டொக்டர் தந்த மருந்தை நிப்பாட்டாதையுங்கோ" என்று இரண்டே இரண்டு வசனத்தை மாற்றி மாற்றிச் சொல்லிச் சமாளித்தாள். "பாத்தியளே, அனுபவப்பட்ட ஆள். பொறுப்பாத்தான் கதைக்கிறா" என்று அந்த அம்மா பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னது காதில் விழுந்தது. இவ்வளவு நீளமான நேர்ஸ் வேடம் எந்தப் படத்திலும் கிடைத்ததில்லையே என்று அருள்மலர் தனக்குள் சிரித்துக்கொண்டாள். ஆனால் அந்தச் சிரிப்பு நிலைக்கவில்லை. படத்தில் நடித்தால் நடிக்கிறாள் என்று பார்க்கிறவனுக்கும் தெரியும். இது அப்படியில்லை. ஒவ்வொரு மேசையிலும் கை கொடுக்கும்போது வெட்கமாக இருந்தது.

கேக் வெட்டி முடிந்தது. பாட்டுப் போட்டார்கள், இளசுகள் ஆடத் தொடங்கின. சிவபாதத்தோடு ஒன்றாகப் படித்த வேதாரணியம் என்ற மனிதர், கையில் சாப்பாட்டுத் தட்டோடு மேசைக்குத் திரும்பிக்கொண்டிருந்தவர், நடுவழியில் நின்றார். எதையோ மறந்ததுபோல ஒருதரம் திரும்பிப் பார்த்தார். அப்படியே முகம் குப்புற விழுந்தார்.

தட்டு உடைந்த சத்தம் பாட்டுக்குள் அமுங்கிப்போனது. கிட்ட நின்றவர்கள்தான் முதலில் கத்தினார்கள். யாரோ அவரைப் புரட்டிப் படுக்கவைத்தார்கள். மனைவி "ஐயோ இஞ்சருங்கோ, இஞ்சருங்கோ" என்று தோளைப் பிடித்து உலுக்கினாள். உடனே ஒரு குரல் எழுந்தது: "லண்டன் அக்கா எங்கை? நேர்ஸ் அக்காவைக் கூப்பிடுங்கோ!" அந்தக் குரலைப் பிடித்துக்கொண்டு பத்துப் பேர் கூப்பிட்டார்கள். "வழி விடுங்கோ, நேர்ஸ் வாறா, வழி விடுங்கோ!" சனம் இரண்டாகப் பிரிந்தது.

அருள்மலர் ஓடிப்போய் முழந்தாளிட்டாள். இப்படி எத்தனை உடம்புகளுக்குப் பக்கத்தில் முழந்தாளிட்டிருக்கிறாள்! அவர்களெல்லாம் மூச்சை அடக்கிக்கொண்டு கிடந்தவர்கள். இயக்குநர் போதும் என்றதும் எழுந்து கோப்பி குடிக்கப் போனவர்கள். இந்த மனிதர் மூச்சை அடக்கவில்லை. இவருக்கு மூச்சே இல்லை. உதடு நீலம் பாரித்துக்கொண்டு வந்தது. ஐம்பது வருடத்துக்கு முன் பாதியில் விட்ட படிப்பில் ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. அவள் கை பழக்கத்தில் தானாகவே அவர் கழுத்தை நோக்கிப் போனது. இரண்டு விரலை வைத்து, கண்ணைச் சுருக்கி, தலையை ஒருபக்கம் சாய்த்தால் போதும், மண்டபமே நம்பும். நம்பிக்கொண்டு சும்மா நிற்கும். அந்த மனிதர் அதற்குள் போய்விடுவார்.

அவள் கையை இழுத்துக்கொண்டு எழுந்தாள். அடிவயிற்றிலிருந்து மூச்சை எடுத்தாள்.

"நான் நேர்ஸ் இல்லை!"

ஒலிபெருக்கிகள் முழங்கிக்கொண்டிருந்தன. அதையும் தாண்டி அந்தக் குரல் மண்டபத்தின் கடைசிச் சுவர்வரை போனது. பாட்டுப் போடுகிற பையன் பயந்து பாட்டை நிறுத்திவிட்டான்.

"நான் நடிகை. எனக்கு இது தெரியாது. உண்மையான நேர்ஸ் இல்லாட்டி டொக்டர் ஆர் இஞ்சை இருக்கினம்? இப்பவே வாங்கோ!"

பின்னுக்கு நின்ற ஒரு பெண் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு ஓடிவந்தாள். அட்சயாவின் சிநேகிதி நிலக்சி. ரெக்ஸ்டேலில் இருப்பவள், அந்தப் பக்கத்து ஆஸ்பத்திரி ஒன்றில் அவசரப் பிரிவில் நேர்ஸ். "சொறி, சொறி அன்ரி, நீங்கள் பாக்கிறியள் எண்டு நினைச்சிட்டன்" என்றபடியே குந்தி, நாடி பார்த்து, அடுத்த நொடி இரண்டு கைகளையும் கோத்து அவர் நெஞ்சில் வைத்து அழுத்தத் தொடங்கினாள். "யாராவது நைன் வன் வன் அடியுங்கோ! நெஞ்சுக்கு ஷொக் குடுக்கிற ஏ.ஈ.டி. மெசின் இருக்கும், அதை எடுங்கோ!"

யாராவது என்றால் யாரும் அசையமாட்டார்கள் என்று அருள்மலருக்குத் தெரியும். படப்பிடிப்பில் நூறு துணை நடிகர்கள் நிற்கும் இடத்தில் 'யாராவது ஓடுங்கள்' என்றால் ஒருவனும் ஓடமாட்டான். அவள் விரலை நீட்டி ஆட்களைப் பிடித்தாள்.

"நீலச் சேர்ட் தம்பி, நீர் போன் அடியும். அட்சயா, வரேக்கை கண்டனான், வாசலிலை கண்ணாடிப் பெட்டிக்குள்ளை இருக்குது மெசின், ஓடிப்போய் எடு. சிவபாதம், நீங்கள் ரோட்டிலை நிண்டு அம்புலன்ஸைக் காட்டுங்கோ. மற்ற எல்லாரும் சுவர்ப் பக்கம் போங்கோ. பிள்ளையளைத் தள்ளிக் கொண்டு போங்கோ. கெதியா!"

சனம் சொன்னபடி அசைந்தது. வேதாரணியத்தின் மனைவியை அவள் தன் தோளோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள். நிலக்சி, "அன்ரி, என்னோடை சேர்ந்து சத்தமா எண்ணுங்கோ" என்றாள். அருள்மலர் எண்ணினாள். பதறாத, இழுபடாத, ஒரே சீரான குரலில் எண்ணினாள். அந்தக் குரலைப் பிடித்துக்கொண்டு நிலக்சியின் கைகள் ஏறி இறங்கின. மெசின் வந்தது. நிலக்சி நெஞ்சில் ஒட்டி, எல்லோரையும் விலகச் சொன்னாள். உடம்பு ஒருதரம் தூக்கிப் போட்டது. மறுபடி அழுத்தினாள். அம்புலன்ஸ்காரர்கள் கட்டிலோடு உள்ளே ஓடிவந்த நேரம் வேதாரணியம் செருமினார். அப்படி ஒரு செருமலை அருள்மலர் எந்தப் படத்திலும் கேட்டதில்லை.

அவரை ஏற்றிக்கொண்டு போனபிறகு மண்டபத்தில் யாருக்கும் ஆட மனம் வரவில்லை. சாப்பாட்டைக் கட்டிக்கொண்டு சனம் கலைந்தது. போகும்போது சிலர் அருள்மலரின் கையைப் பிடித்து அழுத்திவிட்டுப் போனார்கள். சிலர் அவளைக் கடந்து போய்ப் பாலேஸ்வரியை ஒரு மாதிரிப் பார்த்தார்கள்.

வீட்டு வாசலில் பாலேஸ்வரி காரை நிறுத்திய பிறகும் இறங்காமல் இருந்தாள்.

"அந்த மனுசன் பிழைக்கவேணுமெண்டு நானும்தான் நேர்ந்தனான். நீ செய்தது சரி. அதிலை எனக்கு ஒரு கதையுமில்லை." சொல்லும்போதே அவளுக்குக் குரல் உடைந்தது. "ஆனால் நாளைக்கு விடிஞ்சால் என்னை ஒவ்வொருத்தரும் கேக்கப்போகினம். ஏன் இவ்வளவு காலமும் பொய் சொன்னனீர் எண்டு. நான் என்ன சொல்ல?"

"உண்மையைச் சொல்லு. நடிகையெண்டு சொல்ல வெக்கமா இருந்தது எண்டு சொல்லு."

"எனக்கு வெக்கமில்லை!"

"பின்னை என்ன?"

பாலேஸ்வரி முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். "அப்பாவுக்குப் பயம். அவர் போன பிறகு அம்மாவுக்குப் பாவம். அம்மாவும் போன பிறகு பழகிப்போச்சுது."

அருள்மலருக்குக் கோபம் இருந்தது. ஆனால் அந்தப் பதிலில் பொய் இல்லை என்பதும் தெரிந்தது. இரண்டு பேரும் ஆளுக்கொரு கதவைத் திறந்துகொண்டு இறங்கினார்கள்.

காலையில் தேத்தண்ணி குடிக்கும்போதே தொலைபேசி அடிக்கத் தொடங்கியது. முதல் அழைப்பு வேதாரணியத்தின் மகனிடமிருந்து: இரத்தக் குழாய் அடைப்பை எடுத்துவிட்டார்கள், அப்பா கண் திறந்து கதைக்கிறார், எல்லோருக்கும் நன்றி. பாலேஸ்வரி சாமிப்படத்தைப் பார்த்துக் கும்பிட்டாள். அடுத்த அழைப்பு சிவபாதத்தின் தமக்கை. பாலேஸ்வரி எடுக்கப் பயந்து நிற்க, சிவபாதம் கையை நீட்டி வாங்கினார்.

"ஓம் அக்கா... ஓம், நடிகைதான். இங்கிலிஷ் படங்களிலை நடிக்கிறவ. என்ரை மச்சாள்தான்... இல்லை, எனக்கு முந்தியே தெரியும்... நீங்களும் பாத்திருப்பியள், உங்களுக்குத் தெரியாது, அவ்வளவுதான்." வைத்துவிட்டுத் தேத்தண்ணியை எடுத்து உறிஞ்சினார்.

பாலேஸ்வரி அவரையே பார்த்தாள். "என்ன முந்தியே தெரியும்?"

"அந்தக் காட்டேரிப் படம். பெடியளா இருக்கேக்கை வேதாரணியமும் நானும் சைக்கிளிலை போய் ரெண்டு தரம் பாத்தனாங்கள். கதாநாயகியின்ரை முகம் மறந்துபோச்சுது. அந்த நேர்ஸின்ரை அலறல் மறக்கேல்லை. பிறகு கலியாணம் பேசி உங்கடை வீட்டுக்கு வந்தால், சுவரிலை அதே முகம் படமாத் தொங்குது. கொம்மா சொன்னா, மூத்தவள் லண்டனிலை நேர்ஸ் எண்டு." அவர் சிரித்தார். "மாமி அவ்வளவு பாடுபட்டுச் சொல்லுறா. நான் ஏன் கெடுப்பான்?"

"நாப்பது வருஷம் ஒரு வார்த்தை சொல்லேல்லையே நீங்கள்!"

"நீரும் சொல்லேல்லையே."

அருள்மலர் வாயில் வைத்த தேத்தண்ணி புரையேறச் சிரித்தாள். மச்சான் எழுந்து அவள் தலையில் தட்டிவிட்டார். சிரிப்பு அடங்கியபின், "ரெண்டு தரம் ஏன் பாத்தனீங்கள்?" என்று கேட்டாள். ஒரு நடிகையால் கேட்காமல் இருக்கமுடியாத கேள்வி அது.

"உங்கடை அலறலைக் கேக்கத்தான். வேதாரணியம் முதல் தரம் கண்ணைப் பொத்திப்போட்டான். அவனுக்காகத்தான் ரெண்டாந்தரம் போனது."

அதன்பிறகு வந்த அழைப்புகளைப் பாலேஸ்வரியே எடுத்தாள். முதலில் குரலைத் தாழ்த்திக்கொண்டு அடுத்த அறைக்குள் போனாள். மத்தியானத்துக்குள் குசினியிலேயே நின்று, ஒருகையால் கறியைத் துழாவியபடி, "ஓம், சினிமாவிலைதான். ஐம்பது வருஷமா. இல்லை, தமிழ்ப்படமில்லை, இங்கிலிஷ்" என்று சொல்லிக்கொண்டிருந்தாள். என்னென்ன படம் என்று யாரோ கேட்டிருக்கவேண்டும். ரிசீவரைப் பொத்திக்கொண்டு அக்காவைத் திரும்பிப் பார்த்தாள். ஒரு படத்தின் பெயரும் அவளுக்குத் தெரியவில்லை. அந்த முகத்தில் அப்போதுதான் உண்மையான வெட்கம் தெரிந்தது.

புதன்கிழமை படப்பிடிப்பு. விடிய கம்பனிக் கார் வாசலில் வந்து நின்றது. அருள்மலர் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு வெளியே வர, பாலேஸ்வரி நல்ல சேலை கட்டி, தலை இழுத்து, கைப்பையோடு படியில் நின்றாள்.

"நானும் வாறன்."

"அங்கை ஒரு நாள் முழுக்க இருக்கவேணும். சும்மா காவல்தான். அலுத்துப்போவாய்."

"பரவாயில்லை. வாறன்."

பழைய கட்டடத்துக்குப் பின்னால் நடிகர்களுக்கான வண்டிகள் வரிசையாக நின்றன. ஒரு வண்டிக் கதவில் ஆங்கிலத்தில் பெயர் ஒட்டியிருந்தது. பாலேஸ்வரி எழுத்துக்கூட்டி வாசித்தாள். அருள்மலர் சிற்றம்பலம்.

"அப்பாவின்ரை பேர்," என்றாள் மெதுவாக.

"பின்னை ஆற்றை பேரைப் போடுறது?"

"படத்திலையும் இப்பிடித்தான் போடுறவையோ?"

"முதல் படத்திலை இருந்தே இப்பிடித்தான். ஏஜென்ட் சொன்னார், ஒருத்தருக்கும் வாயிலை வராது, மாலா எண்டு சுருக்குவம் எண்டு. நான் சொன்னன், ரஷ்யாக்காரரின்ரை பேரெல்லாம் நாக்குச் சுளுக்காமல் சொல்லுறியள், இதையும் பழகுங்கோ எண்டு. ரெண்டு வேலை கைவிட்டுப் போச்சுது. போகட்டும் எண்டு விட்டிட்டன்."

"அப்பா உன்னோடை கதைக்கேல்லையே, அக்கா."

"அவர் கதைக்கேல்லை. அதுக்கு நான் அவற்றை பேரை விடவேணுமோ?"

பாலேஸ்வரி கதவில் ஒட்டியிருந்த தாளைத் தொட்டுப் பார்த்தாள். ஒரு மூலை கிளம்பியிருந்ததை விரலால் அழுத்தி ஒட்டிவிட்டாள்.

உள்ளே லண்டன் நீதிமன்றம் எழுந்து நின்றது. மரத்தில் செய்த உயரமான ஆசனம், சாட்சிக்கூண்டு, கம்பளம், எல்லாம். கறுப்பு அங்கியும் வெள்ளைப் பொய்முடியும் அணிந்து அருள்மலர் அந்தப் படிகளில் ஏறியபோது, விளக்குப் பிடிப்பவர்களும் வயர் இழுப்பவர்களும்கூட அறியாமலே குரலைத் தாழ்த்தினார்கள். பாலேஸ்வரியைத் தூரத்தில் ஒரு மடக்குக் கதிரையில் இருத்தி, காதில் கேட்பதற்கு ஒரு கருவியையும் கொடுத்திருந்தார்கள்.

காட்சி நீளமானது. வீடு எரிந்து பிள்ளைகளைப் பறிகொடுத்த குடும்பத்துக்கும், அந்த வீட்டைக் கட்டிய பெரிய கம்பனிக்கும் இடையில் வழக்கு. நீதிபதி தீர்ப்பை வாசிக்க வேண்டும். ஒத்திகையில் இயக்குநர், ஒரு இளம் பெண், குரலை உயர்த்திக் கோபமாகச் சொல்லிப்பார்க்கலாமே என்றாள். அருள்மலர் கொஞ்சம் யோசித்தாள்.

"உங்களுக்கு விருப்பமென்றால் அப்படியும் செய்கிறேன். ஆனால் இந்த நீதிபதி அம்மா முப்பது வருடம் அந்தக் கதிரையில் இருந்தவள். அவள் சத்தம் போடத் தேவையில்லை. அவள் நிறுத்தினாலே எல்லோரும் பயப்படுவார்கள். ஒருதரம் என் வழியில் எடுத்துப் பார்ப்போமா?"

"எடுப்போம்," என்றாள் இயக்குநர்.

கமெரா ஓடியது. அருள்மலர் தாளைப் பார்த்து வாசிக்கவில்லை. கூண்டுக்குப் பக்கத்தில் நின்ற தாயாக நடித்த பெண்ணின் கண்களைப் பார்த்து, அவளுக்கு மாத்திரம் சொல்வதுபோலச் சொன்னாள். இறந்த பிள்ளைகளின் பெயர்கள் வரும் இடத்தில், ஒவ்வொரு பெயருக்கும் பின்னால் ஒரு மூச்சு நேரம் நிறுத்தினாள். முதலாவது நிறுத்தத்தில் யாரோ இருமினார்கள். இரண்டாவதில் எந்தச் சத்தமும் இல்லை. கடைசிப் பெயருக்குப் பிறகு அவள் நிறுத்திய நேரம் மிகவும் நீண்டது. அவளே அதைத் தூக்கிக்கொண்டு நிற்பதுபோல உணர்ந்தாள். பாரமாக இருந்தது. ஆனால் இறக்கி வைக்கவில்லை. ஐம்பது வருடமாகக் கட்டில் காலடிகளில் பேசாமல் நின்று பழகியது இதற்குத்தான் போலும் என்று தோன்றியது. பிறகு தீர்ப்பின் கடைசி வரியைச் சொன்னாள்.

இயக்குநர் நிறுத்தச் சொல்ல மறந்துவிட்டாள். தாயாக நடித்தவள் நடிப்பு முடிந்தும் அழுதுகொண்டிருந்தாள். மேலே விளக்கு மேடையிலிருந்து ஒருவர் கைதட்ட, கீழே நின்றவர்களும் தட்டினார்கள். அருள்மலர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். உள்ளுக்குள் ஏறிய பெருமையை அவள் அடக்கவில்லை. இது தனக்கு வரவேண்டியதுதான் என்று தெளிவாகத் தெரிந்தது.

கமெராவை மறுபக்கம் மாற்றி இன்னொருதரம் எடுக்கப்போவதாகச் சொன்னார்கள். முகப்பூச்சைச் சரிசெய்ய ஆள் வந்தது. அப்போது ஒரு உதவியாளன் பாலேஸ்வரியிடம் போய், களைத்திருப்பீர்கள், வேண்டுமானால் வண்டியில் போய் ஓய்வெடுக்கலாம், இனி இதே காட்சிதான் மறுபடி மறுபடி வரும் என்று தணிந்த குரலில் சொல்வது அருள்மலருக்குக் கேட்டது.

பாலேஸ்வரி எழுந்தாள். முகம் முழுக்க நனைந்திருந்தது, துடைக்கக்கூட இல்லை. தான் இருந்த மடக்குக் கதிரையைத் தானே தூக்கிக்கொண்டாள்.

"நான் அவவின்ரை தங்கச்சி" என்று முதலில் தமிழிலேயே சொல்லிவிட்டு, அவன் விழிப்பதைக் கண்டு ஆங்கிலத்துக்கு மாறினாள். இங்கிருந்து அக்காவின் முகம் வடிவாகத் தெரியவில்லை, இன்னும் கொஞ்சம் கிட்டக் கொண்டுபோய்ப் போடலாமா என்று கேட்டாள்.